லிஃப்ட் பக்கத்தில் ஒரு டிரம்... 50 வருடப் பாட்டைத் தூசி தட்டும் ஹை-ரெஸ் வித்தை!

நியூயார்க் நகரம், 52-வது தெரு. கொலம்பியா ரெக்கார்ட்ஸ் நிறுவனத்தின் கட்டடம். லிஃப்ட் கதவுக்கு எதிரே, வராந்தாவில் டிரம் செட்டைப் பரப்பி வைத்துக்கொண்டு, காதில் ஹெட்போனோடு ஒருவர் உட்கார்ந்திருக்கிறார். பெயர் ஹால் பிளேன். ஸ்டூடியோவுக்குள் இடம் இல்லாததால் அவரை வெளியே உட்கார வைக்கவில்லை. அந்த வராந்தாவில் அடித்தால்தான் ஓசை லிஃப்ட் குழிக்குள் இறங்கி, சுவரெல்லாம் மோதி, பீரங்கி வெடித்ததுபோலத் திரும்பி வருகிறது. சவுண்ட் இன்ஜினீயர் ராய் ஹாலிக்கு வேண்டியது அந்த முழக்கம்தான். பிளேன் ஓங்கி ஓர் அடி கொடுத்த நேரம் பார்த்து லிஃப்ட் திறக்க, உள்ளே இருந்த வயதான காவலாளி, யாரோ தன்னைச் சுட்டுவிட்டார்கள் என்று வெலவெலத்துப் போனாராம். பிளேன் பின்னாளில் சொன்ன கதை இது.

அந்த அடி இடம்பெற்ற பாட்டு 'தி பாக்ஸர்'. 1969-ல் வெளியானது. சொற்களே இல்லாத அதன் கோரஸில், குரல்களுக்கு நடுவே திடீர் திடீரென்று விழும் அந்த இடியை உலகம் முழுக்கக் கேட்டிருக்கிறார்கள். ஆனால், ரேடியோவிலும் தேய்ந்த கேஸட்டிலும் கேட்டவர்களுக்கு அது வெறும் 'டொம்'. அடிக்குப் பின்னால் ஒரு நீண்ட வராந்தா இருக்கிறது, ஓசை அதில் ஓடி அடங்குகிறது என்பதெல்லாம் தெரியாது. அந்த வராந்தாவை மறுபடி காதுக்குக் கொண்டுவர முடியுமா? ஹை-ரெஸ் ரீமாஸ்டர் என்று இன்று செயலிகளிலும் கடைகளிலும் விற்கப்படும் சமாசாரத்தின் மையக் கேள்வி இதுதான்.

பால் சைமனும் ஆர்ட் கார்ஃபங்கலும் நியூயார்க்கின் குவீன்ஸ் பகுதியில் ஒன்றாகப் பள்ளியில் படித்தவர்கள். கிராமியப் பாட்டின் கிடாரையும் ராக் இசையின் டிரம்ஸையும் கலந்த 'ஃபோக் ராக்' என்ற பாணியை வீடு வீடாகக் கொண்டுபோய்ச் சேர்த்த ஜோடி. 1970-ல் பிரிந்துவிட்டார்கள். ஜோடி இல்லை, புதுப் பாட்டும் இல்லை என்ற நிலையில் 1972 ஜூனில் கொலம்பியா 14 பாடல்களைக் கோத்து ஒரே ரெக்கார்டாக வெளியிட்டது. 'சைமன் அண்ட் கார்ஃபங்கல்'ஸ் கிரேட்டஸ்ட் ஹிட்ஸ்'. அமெரிக்காவில் மட்டும் 1 கோடியே 40 லட்சம் என்ற விற்பனைச் சான்றிதழை எட்டிய தொகுப்பு அது. இந்த ஜோடியின் பாட்டை இந்த ஒரே ஆல்பத்தின் வழியாக மட்டும் அறிந்த குடும்பங்கள் ஏராளம்.

2014-ல் அவர்களின் ஆல்பங்கள் எல்லாம் ஒரே பெட்டியாக வந்தபோது, இந்தத் தொகுப்பும் முதல் தலைமுறை அனலாக் டேப்களிலிருந்து புதிதாக ரீமாஸ்டர் செய்யப்பட்டது. இன்று அவர்கள் பாடல்கள் 24 பிட் ஹை-ரெஸ் வடிவிலும் கிடைக்கின்றன. கேட்க எளிது. பின்னால் இருக்கும் வேலை அவ்வளவு எளிதல்ல. தனி ஆல்பத்தைவிடத் தொகுப்பு ஆல்பம் பத்து மடங்கு வம்பு பிடித்தது.

சாம்பாரில் உப்பு

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். ரீமாஸ்டர் வேறு, ரீமிக்ஸ் வேறு.

பாட்டைப் பதிவு செய்யும்போது குரல், கிடார், டிரம்ஸ் எல்லாம் தனித்தனி டிராக்கில் இருக்கும். எது எவ்வளவு சத்தமாக, எந்தப் பக்கத்திலிருந்து கேட்க வேண்டும் என்று முடிவு செய்து, இடது, வலது என்ற இரண்டே டிராக்குக்குள் கலந்துவிடுவார்கள். அந்த இரண்டு டிராக் டேப்தான் மாஸ்டர். ரீமிக்ஸ் என்றால் தனித்தனி டிராக்குகளுக்கே திரும்பிப் போய் மறுபடி கலப்பது. ரீமாஸ்டர் என்றால் கலந்து முடித்ததை வைத்துக்கொண்டு வேலை பார்ப்பது.

கொதித்து இறக்கிய சாம்பார் மாதிரி. சூடாக்கலாம், மேலே கொத்தமல்லி தூவலாம், நல்ல பாத்திரத்தில் பரிமாறலாம். போட்ட உப்பை மட்டும் வெளியே எடுக்க முடியாது. கார்ஃபங்கலின் குரலை மட்டும் தனியாகத் தூக்கிக் காட்டுவது ரீமாஸ்டர் செய்பவரின் கையில் இல்லை. அவர் கையில் இருப்பது மூன்று விஷயங்கள்: எந்த டேப், எந்த மெஷின், எவ்வளவு கைவைப்பது.

முதல் விஷயத்திலேயே பாதி விதி எழுதப்பட்டுவிடுகிறது. நம் ஊரில் 80-களில் ரெக்கார்டிங் சென்டருக்குப் பாட்டு லிஸ்ட் எழுதிக் கொடுத்து, காலி கேஸட்டில் பதிந்து வாங்கியவர்களுக்கு இது சட்டென்று புரியும். ரெக்கார்டிலிருந்து நேராகப் பதிந்த கேஸட் ஒரு ரகம். அதைக் கடன் வாங்கிப் பக்கத்து வீட்டுப் பையன் டபுள் டெக்கில் நகலெடுத்தது வேறு ரகம். அவனிடமிருந்து அவன் அத்தை மகன் எடுத்ததில் பாட்டைவிட 'ஸ்ஸ்ஸ்' சத்தம்தான் முன்னால் நிற்கும். அனலாக் டேப்பில் ஒவ்வொரு நகலும் ஒரு படி இறக்கம்.

தொகுப்பு ஆல்பங்களின் பிறவிக் குறை இங்கேதான். பல ஆல்பங்களிலிருந்து பாட்டுகளை எடுத்து ஒரே சுருளில் சேர்க்க வேண்டும். பழைய ஆல்பத்தின் மாஸ்டரை வெட்டி எடுத்தால் அந்த ஆல்பம் பாழ். அதனால் நகல் எடுத்துத்தான் சேர்ப்பார்கள். ஆக, ஒரு 'ஹிட்ஸ்' தொகுப்பின் மாஸ்டர் டேப் என்பதே பெரும்பாலும் இரண்டாம் தலைமுறை. அதிலிருந்து வெளிநாட்டுக் கிளைகளுக்குப் போன நகல் மூன்றாவது. ரெக்கார்டு வெட்டும் மெஷினுக்காக பாஸைக் குறைத்து, கூர்மையான ஒலிகளை அடக்கித் தயாரித்த நகல்களும் உண்டு. சி.டி. புதிதாக வந்த 80-களில் பல நிறுவனங்கள் அவசரத்தில் கைக்குக் கிடைத்த அப்படிப்பட்ட டேப்பைத்தான் சி.டி.யாக்கின. 'சி.டி.யில் உயிரே இல்லை' என்று பழைய ரசிகர்கள் புலம்பியதில் பாதிப் பழி சி.டி.க்குச் சேர வேண்டியதே இல்லை. தவறான டேப்புக்குச் சேர வேண்டியது.

அப்படியானால் ஒவ்வொரு பாட்டின் முதல் டேப்பையும் தேடிப் பிடித்து, அதிலிருந்து எடுத்துக் கோத்துவிட்டால் போயிற்றே? அங்கேயும் ஒரு முள். ஒரு ஆல்பத்தில் பாட்டுகள் ஒன்றின் மேல் ஒன்று படிந்து வரும். 1968-ல் வந்த 'புக்எண்ட்ஸ்' ஆல்பத்தில் 'அமெரிக்கா' என்ற பாட்டு, முந்தைய பாட்டின் வால் ஒலித்துக்கொண்டிருக்கும்போதே தொடங்கும். தொகுப்பில் அந்த முந்தைய பாட்டு இல்லை. வாலை என்ன செய்வது? தொகுப்புக்கென்று எப்போதோ ஒருவர் செய்த வெட்டு, ஒட்டு, இடைவெளி எல்லாம் தொகுப்புச் சுருளில்தான் இருக்கும். சுத்தமான ஒலி ஒரு டேப்பில், மக்கள் மனப்பாடமாக வைத்திருக்கும் வடிவம் இன்னொரு டேப்பில். ஒரு பாட்டு முடிந்து அடுத்தது எத்தனை நொடியில் தொடங்கும் என்பதைக்கூட உடம்பிலேயே வைத்திருப்பவர்கள் ரசிகர்கள். அரை நொடி தள்ளிப்போனால் கண்டுபிடித்துவிடுவார்கள். கோபமும் வரும்.

14 பாட்டு, எத்தனையோ அறைகள்

இந்தத் தொகுப்பின் 14 பாட்டுகளும் ஒரே வீட்டுப் பிள்ளைகள் மாதிரி தோன்றும். பிறந்த கதையைக் கேட்டால் தலை சுற்றும்.

'தி சவுண்ட் ஆஃப் சைலன்ஸ்' 1964 மார்ச்சில் இரண்டு குரல், கம்பி அதிராத மென்மையான கிடார் என்று பதிவானது. அந்த ஆல்பம் படுத்துவிட்டது. மனம் நொந்த சைமன் இங்கிலாந்துக்குப் போய்விட்டார். மறு ஆண்டு, சில வானொலி நிலையங்களில் அந்தப் பாட்டை ரசிகர்கள் திரும்பத் திரும்பக் கேட்கிறார்கள் என்று தெரிந்ததும், தயாரிப்பாளர் டாம் வில்சன் ஒரு காரியம் செய்தார். 1965 ஜூன் 15. அன்றைக்கு பாப் டிலனின் 'லைக் எ ரோலிங் ஸ்டோன்' பாட்டுக்கான ஒலிப்பதிவு. அந்தச் சூட்டோடு சில கலைஞர்களை வைத்துக்கொண்டு, பழைய டேப்பின் மேல் எலெக்ட்ரிக் கிடார், பாஸ், டிரம்ஸ் ஏற்றினார். பாடியவர்கள் இருவரிடமும் ஒரு வார்த்தை கேட்கவில்லை! 1966 ஜனவரியில் அது அமெரிக்காவின் நம்பர் 1. அந்த வெற்றிதான் ஜோடியை மறுபடி சேர்த்தது.

நல்ல டிரான்ஸ்ஃபரில் இந்தப் பாட்டைக் கேட்டால் ஒரு வேடிக்கை. 1964-ல் பாடியவர்கள் தாளக் கணக்குக்குக் கட்டுப்பட்டுப் பாடவில்லை. மூச்சுக்கும் உணர்வுக்கும் ஏற்ப லேசாக வேகம் கூடும், குறையும். ஓராண்டு கழித்து வந்த டிரம்மர் அந்த இழுப்புக்குப் பின்னாலேயே ஓடிப் பிடிக்கிறார். மங்கலான நகலில் எல்லாம் ஒரே குழம்பாக இருந்ததால் தெரியவில்லை. தெளிவு கூடக் கூட, இரண்டு வெவ்வேறு வருடங்கள் ஒன்றோடொன்று கைகோக்க முயல்வது கேட்கிறது. இது குறையா, அழகா? ரீமாஸ்டர் செய்பவர் எந்தப் பக்கமும் சேர முடியாது. கேட்பதைக் கேட்கும்படி விட்டுவிட வேண்டியதுதான்.

'சிசீலியா' இன்னும் மோசம். லாஸ் ஏஞ்சலஸில் வாடகைக்கு எடுத்த வீட்டில், ஒரு மாலை நண்பர்கள் கூடி, பியானோ பெஞ்சைத் தட்டி, தொடையைத் தட்டி, கிடார் கம்பியைத் தளர்த்திவிட்டு அடித்து அமர்க்களம் செய்தார்கள். சும்மா வீட்டு டேப் ரெக்கார்டரில் பதிந்து வைத்தார்கள். அதில் நன்றாக வந்த ஒரு நிமிடச் சொச்சத்தை ராய் ஹாலி வெட்டி எடுத்து, சுற்றிச் சுற்றி வரும்படி ஒட்டினார். அதன் மேல்தான் முழுப் பாட்டும் நிற்கிறது. அஸ்திவாரமே வீட்டு டேப் ரெக்கார்டர். 192 கிலோஹெர்ட்ஸில் எடுத்தாலும் அது வீட்டு டேப் ரெக்கார்டர்தான்!

'எல் காண்டோர் பாசா' பாட்டில் பின்னணி இசையை சைமன் பதிவு செய்யவே இல்லை. லோஸ் இன்காஸ் என்ற குழு ஏற்கெனவே வெளியிட்டிருந்த இசையை வாங்கி, அதன் மேல் பாடினார். மெட்டு பெருவின் டேனியல் அலோமியா ரோப்லெஸ் 1913-ல் ஒரு மேடை நாடகத்துக்காக அமைத்தது. சைமன் அதை ஊர் பேர் தெரியாத நாட்டுப்புற மெட்டு என்று நம்பியிருந்தார். ரோப்லெஸின் மகன் வழக்குத் தொடர்ந்த பிறகுதான் அப்பா பெயர் பாட்டோடு சேர்ந்தது. 'ஸ்கார்பரோ ஃபேர்' கதையும் கிட்டத்தட்ட இதே. பழைய ஆங்கில நாட்டுப்பாடல் அது. அதைக் கிடாரில் வாசிக்கும் விதத்தை லண்டனில் மார்ட்டின் கார்த்தி என்ற பாடகரிடமிருந்து சைமன் கற்றார். ரெக்கார்டு உறையில் கார்த்தியின் பெயர் இல்லை. அந்த மனத்தாங்கல் 35 வருடம் நீடித்து, 2000-ல் லண்டன் மேடையில் இருவரும் அந்தப் பாட்டைச் சேர்ந்து பாடியபோதுதான் தணிந்தது. டேப்பின் தூசியைத் துடைப்பதற்கு இவ்வளவு செலவு செய்கிறார்களே, உறையின் மேல் எழுத்தையும் ஒருமுறை துடைத்துப் பார்த்தால் குறைந்தா போய்விடும்?

இவற்றோடு நான்கு பாட்டுகள் மேடை நிகழ்ச்சிகளில் பதிவானவை. மூன்றாவது பாட்டாக வரும் 'தி பாக்ஸ'ருக்கு முன்னாலும் பின்னாலும் மேடைப் பதிவுகள்தான் உட்கார்ந்திருக்கின்றன. நூறு மணி நேரத்துக்கு மேல் உழைத்து, நாஷ்வில் நகரத்திலும் நியூயார்க் ஸ்டூடியோவிலும் ஒரு பல்கலைக்கழகத் தேவாலயத்திலும் பதிந்து, இரண்டு 8 டிராக் மெஷின்களை இணைத்து ஓட்டிச் செதுக்கிய பாட்டு, கைதட்டல் கேட்கும் அரங்கத்துக்கும் அரங்கத்துக்கும் நடுவே. காதுக்கு ஒவ்வொரு மூன்று நிமிடமும் அறை மாறுகிறது. இவற்றை ஒரே நிறத்துக்குக் கொண்டுவர ஆசை எழும். அங்கேதான் கை கட்டுப்பட வேண்டும். வராந்தா வராந்தாவாகவும், அரங்கம் அரங்கமாகவும் கேட்டால்தான் அது 1972-ல் வந்த அதே ஆல்பம்.

ஒரு கிலோமீட்டர் டேப்

மாஸ்டர் டேப் ஒரு நொடிக்கு 15 அங்குலம், அதாவது 38 சென்டிமீட்டர் வேகத்தில் ஓடும். 40 நிமிட இசைக்கு 900 மீட்டருக்கு மேல் டேப். கால் அங்குல அகலம். அதில் ஒட்டுப் போட்ட இடங்கள் உண்டு. ஐம்பது வருடத்தில் பசை காய்ந்து, மெஷினில் ஓடும்போதே ஒட்டு விட்டுப்போகும். ஒவ்வொன்றையும் பழைய பசை சுரண்டி, புது ஒட்டு போட வேண்டும்.

சுருளாக வருடக்கணக்கில் கிடந்த டேப்பில் இன்னொரு நோயும் உண்டு. ஒரு சுற்றின் காந்தப் பதிவு அடுத்த சுற்றில் லேசாக ஒட்டிக்கொள்ளும். பாட்டு தொடங்குவதற்கு ஒரு நொடி முன்பே அதன் நிழல் மெல்லக் கேட்கும், பேய் மாதிரி. 70-களின் நடுவிலிருந்து வந்த சில டேப் ரகங்களில் பைண்டர் பசை ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுத்துப் போய்விடும். அவற்றைச் சுமார் 54 டிகிரி சூட்டில் பல மணி நேரம் 'பேக்' செய்து, ஈரத்தை விரட்டிவிட்டு அவசரமாக நகலெடுப்பார்கள். கேக் மாதிரி டேப்பை அவனில் வைப்பதா என்று சிரிப்பு வரலாம். வேறு வழி இல்லை. நல்லவேளை, 60-களின் டேப்கள் பெரும்பாலும் இந்த வியாதிக்குத் தப்பியவை.

பிறகு மெஷின். டேப்பைப் படிக்கும் ஹெட், டேப்புக்குச் சரியான செங்குத்தில் நிற்க வேண்டும். இம்மி சாய்ந்தாலும் உச்ச ஒலிகள் மங்கிவிடும். இதற்காகவே பல டேப்களின் தொடக்கத்தில் பரிசோதனை ஓசைகள் பதிந்திருக்கும். அவற்றை ஓட்டி, ஸ்க்ரூவைத் திருப்பித் திருப்பிச் சரிசெய்வார்கள். இத்தனையும் முடிந்த பிறகுதான் டிஜிட்டல் என்ற சொல்லே வருகிறது. ரசிகர்கள் 192, 96 என்று எண்களுக்குச் சண்டை போடுகிறார்கள். அந்த ஸ்க்ரூ அரைக்கால் திருப்பு பிசகினால் எந்த எண்ணும் காப்பாற்றாது.

அவசரம் ஏன் என்றும் ஒரு கேள்வி. 2008 ஜூன் 1 அன்று ஹாலிவுட்டில் யுனிவர்சல் ஸ்டூடியோஸ் வளாகத்தில் தீப்பிடித்தது. அங்கே சேமித்திருந்த மாஸ்டர் டேப்களும் எரிந்தன. எத்தனை, யாருடையவை என்ற சர்ச்சை 2019-ல் ஒரு பத்திரிகைக் கட்டுரைக்குப் பிறகு பெரிதாக வெடித்தது. சைமன், கார்ஃபங்கல் டேப்கள் வேறு நிறுவனத்துடையவை. அவற்றுக்கு ஆபத்தில்லை. ஆனால், ஒரே ஒரு பிரதி என்பதன் அர்த்தம் அன்று எல்லோருக்கும் உறைத்தது. கூடவே இன்னொன்று. டேப்பைப் படிக்கும் மெஷின்களும், அவற்றைப் பழுது பார்க்கத் தெரிந்த கைகளும் வருடத்துக்கு வருடம் குறைகின்றன.

192... காதுக்கா, கணக்குக்கா?

இப்போது விற்பனைப் பேச்சுக்கு வருவோம். சி.டி. என்பது 16 பிட், 44.1 கிலோஹெர்ட்ஸ். ஒரு நொடிக்கு 44,100 முறை ஒலியை அளந்து எழுதுவது. இதில் 22,050 ஹெர்ட்ஸ் வரையிலான ஒலிகள் அடங்கும். மனிதக் காதின் எல்லை சுமார் 20,000. அதுவும் இளம் வயதில். வயது ஏற ஏற அது இறங்கிக்கொண்டே வரும். 1972-ல் இந்த ரெக்கார்டை வாங்கிய இளைஞருக்கு இன்று எழுபது வயது. அவர் காதுக்கு எட்டும் உச்ச ஒலி சி.டி.யின் எல்லைக்கு ரொம்பக் கீழே.

24 பிட்டோ சத்தத்துக்கும் நிசப்தத்துக்கும் இடையிலான தூரத்தைக் கூட்டுகிறது. 16 பிட்டில் சுமார் 96 டெசிபல். 24 பிட்டில் கணக்குப்படி 144. ஆனால், 60-களின் டேப்பில் இயல்பாகவே ஓடும் 'ஸ்ஸ்' இரைச்சல், 16 பிட்டின் அடித்தளத்தைவிட எவ்வளவோ உயரத்தில் இருக்கிறது. அதாவது சி.டி. என்ற பாத்திரமே இந்தச் சாம்பாருக்குப் போதும்.

ஆராய்ச்சிகள் என்ன சொல்கின்றன? 2007-ல் அமெரிக்காவில் மேயர், மோரன் என்ற இருவர், உயர்தர ஒலியையும் அதையே சி.டி. தரத்துக்கு இறக்கியதையும் மறைத்து மறைத்துப் போட்டுக் காட்டினார்கள். 554 முயற்சிகளில் சரியாகச் சொன்னது 276. காசைச் சுண்டிவிட்டு 'பூவா, தலையா' சொல்லியிருந்தாலும் அதே மார்க்தான்! 2016-ல் லண்டன் குவீன் மேரி பல்கலைக்கழகத்தின் ஜோஷுவா ரீஸ், 18 ஆய்வுகளை ஒன்றாக்கிப் பார்த்தார். சரியாகக் கண்டுபிடித்தது 52.3 சதவிகிதம். வித்தியாசம் உண்டு, ஆனால் மயிரிழை. காதுக்குப் பயிற்சி கொடுத்தவர்கள் கொஞ்சம் கூடுதலாகக் கண்டுபிடித்தார்கள்.

அப்படியென்றால் 24 பிட் ஏமாற்று வேலையா? ஸ்டூடியோவுக்கு அது அவசியம். ஒலியைத் திருத்தும்போது, கூட்டிக் குறைக்கும்போது, கணக்கில் சேரும் சில்லறைப் பிழைகள் காதுக்கு எட்டாத ஆழத்திலேயே தங்கிவிட 24 பிட் வேண்டும். அழிந்துகொண்டிருக்கும் டேப்பை ஒரே முறை எடுக்க வாய்ப்பு என்றால், கிடைத்த உச்சத் தரத்தில் எடுத்து வைப்பதுதான் புத்திசாலித்தனம். கேட்பவருக்குத்தான் அந்த எண் பெரிதாக எதையும் செய்வதில்லை. 'ஹை-ரெஸ் வாங்கினேன், பாட்டே மாறிப்போச்சு' என்று ஒருவர் சொன்னால், அவர் பொய் சொல்லவில்லை. மாறியிருப்பது டேப், மெஷின், செய்தவரின் கை. புகழ் மட்டும் எண்ணுக்குப் போகிறது.

கெடுதலும் அதே கையால்தான். 90-களிலிருந்து ரீமாஸ்டர் என்ற பெயரில் நடந்த பெரிய அநியாயம், எல்லாவற்றையும் சத்தமாக்கியது. மெல்லிய இடங்களை மேலே தூக்கி, உச்சங்களை நசுக்கி, முதல் நொடியிலிருந்து கடைசி நொடி வரை ஒரே அலறல். 'பிரிட்ஜ் ஓவர் டிரபுள்டு வாட்டர்' பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். லேரி நெக்டெலின் ஒற்றைப் பியானோவோடு, கார்ஃபங்கலின் குரல் கிட்டத்தட்ட ரகசியம்போலத் தொடங்கும். இரண்டு பத்தி அப்படியே போகும். கடைசிப் பத்தியில்தான் டிரம்ஸும் வயலின் கூட்டமும் அலையாக எழுந்து குரலைத் தூக்கிச் செல்லும். சுமார் ஐந்து நிமிடப் பாட்டின் முழு உயிரும் அந்தச் சிறிசுக்கும் பெரிசுக்கும் நடுவே இருக்கிற தூரத்தில்தான். நசுக்கினால் தூரம் போய்விடும். அப்புறம் அது அழகான குரல் பாடும் சத்தமான பாட்டு, அவ்வளவே. நசுக்கியதை 192 கிலோஹெர்ட்ஸில் விற்றாலும் நசுங்கியது நசுங்கியதுதான்.

இன்னொரு பக்கம், அதிகச் சுத்தம். இரைச்சலை நீக்கும் மென்பொருள்கள் இன்று அபாரமானவை. 'ஸ்ஸ்'ஸைத் துடைக்கும்போது கூடவே பியானோ ஸ்வரம் காற்றில் கரையும் கடைசி நொடியையும் துடைத்துவிடும். கிடார் கம்பியில் விரல் வழுக்கும் 'கிரீச்', வரி தொடங்கும் முன் இழுக்கும் மூச்சு, வராந்தாவின் அதிர்வு எல்லாம் மென்பொருளின் கண்ணுக்குக் குப்பைதான். கொஞ்சம் இரைச்சலோடு விட்டு வைக்கிற இன்ஜினீயரைச் சோம்பேறி என்று நினைத்துவிடக் கூடாது.

உங்கள் கையில் இருக்கும் போனில்...

ஒரு சின்னக் கணக்கு. ஐந்து நிமிடப் பாட்டு, சுருக்காத வடிவில், 24 பிட் 192-ல் சுமார் 345 எம்.பி. சி.டி. தரத்தில் 53 எம்.பி. நல்ல தர எம்.பி.3-ல் 12 எம்.பி. ஹை-ரெஸ் கோப்புகளைத் தரம் குறையாமல் சுருக்கித்தான் அனுப்புகிறார்கள். அப்படியும் டேட்டா பேக் கரைவது கரையும்.

அதைவிட முக்கியம், புளூடூத். வயர் இல்லாத இயர்போன்கள் பெரும்பாலும் பாட்டைச் சுருக்கி, சில தகவல்களைக் கழித்துத்தான் காதுக்கு அனுப்புகின்றன. உயர்தரம் என்று சொல்லப்படும் எல்டாக் முறைகூட அதிகபட்சம் நொடிக்கு 990 கிலோபிட். 24 பிட் 192-க்கு வேண்டியது 9,216. ஹை-ரெஸ் என்று செயலியில் பொன்னிற முத்திரை மின்னும். காதுக்கு வந்து சேரும்போது அது வேறு ஒன்று. முழுதாகக் கேட்க வேண்டுமென்றால் வயர் இயர்போனும், போனில் செருகும் ஒரு சின்ன டாக் கருவியும் வேண்டும்.

அதற்குக் காசு செலவழிக்கும் முன் செலவில்லாத ஒரு சோதனை. இந்தத் தொகுப்பின் பழைய பதிப்பு ஒன்றையும் புதிய ரீமாஸ்டரையும் எடுத்துக்கொள்ளுங்கள். வீட்டில் யாரையாவது விட்டு மாற்றி மாற்றிப் போடச் சொல்லுங்கள், எது எது என்று சொல்லாமல். இரண்டுக்கும் வால்யூமைச் சமமாக வைப்பது முக்கியம். கொஞ்சம் சத்தமாக இருப்பது எப்போதும் 'பெட்டர்' மாதிரி ஏமாற்றும்.

மாற்றிப் போடும்போது உச்ச ஒலிகளைத் தேடிக்கொண்டிருக்க வேண்டாம். 'சவுண்ட் ஆஃப் சைலன்ஸி'ல் டிரம்ஸ் நுழையும் இடத்தில் தாளம் லேசாகத் தடுமாறுகிறதா? 'சிசீலியா'வின் தட்டலில், அது ஒரு வீட்டு ஹால் என்பது தெரிகிறதா? 'பிரிட்ஜ்' பாட்டின் தொடக்கத்தில் குரல் உங்களைவிட்டுத் தள்ளி நிற்கிறதா, இல்லை முகத்துக்கு நேரே வந்து கத்துகிறதா? பிறகு 'தி பாக்ஸர்'. கோரஸ் வரட்டும், அந்த இடி விழட்டும். விழுந்ததும் உடனே அடங்கிப்போனால் அந்தப் பதிப்பை விட்டுவிடலாம். கொஞ்ச தூரம் ஓடி, சுவரில் மோதி, மெல்லத் தேய்ந்தால், நீங்கள் 52-வது தெரு லிஃப்டுக்குப் பக்கத்தில் நிற்கிறீர்கள்.